பெர்மிட் மாற்றத்துக்காக மதுரைக்குப் போனேன்: ஒரு ரிட் மனுவின் மதிப்பீடு

காலமான அப்பாவின் மேக்சி கேப் (வாடகை வேன்) பெர்மிட்டை என் பெயருக்கு மாற்றக் கோரி நம் குமரி மாவட்டத்துப் போக்குவரத்து அலுவலகம் ஒன்றில் கொடுத்த விண்ணப்பம் அசையாமல் கிடந்ததால், சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் ரிட் மனு (அரசு அலுவலகம் தன் கடமையைச் செய்ய உத்தரவிடக் கோரும் மனு) தாக்கல் செய்து, குறித்த காலத்துக்குள் முடிவெடுக்கச் சொல்லும் உத்தரவைப் பெற்றேன்.

1988-ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் 82-ஆம் பிரிவின்படி, பெர்மிட்தாரர் இறந்தால், வண்டியைப் பெறும் வாரிசு 30 நாட்களுக்குள் தகவல் தெரிவித்துவிட்டு, மூன்று மாதம் வரை அதே பெர்மிட்டில் ஓட்டலாம். மாற்றத்துக்கான விண்ணப்பத்தையும் அந்த மூன்று மாதத்துக்குள் கொடுத்துவிட வேண்டும். அந்தப் பிரிவில் கெடு நமக்குத்தான், முடிவெடுப்பவருக்கு இல்லை. ஜூலையில் அப்பா இறந்தார். ஆகஸ்டில் வாரிசுச் சான்றிதழோடும் அம்மா, தங்கை ஆகியோரின் சம்மதக் கடிதங்களோடும் விண்ணப்பித்தேன். “ஃபைல் மேலே போயிருக்கு, அடுத்த வாரம் பாருங்க” என்ற பதிலைக் கேட்டுக் கேட்டே அக்டோபர் முடிந்து, வண்டி வீட்டு முற்றத்தில் நின்றுவிட்டது. வங்கித் தவணை நிற்கவில்லை.

நீதிமன்றத்தில் நடந்தது நான் பயந்ததைவிட எளிது. அரசியல் சாசனத்தின் 226-ஆவது பிரிவின் கீழ்த் தாக்கலான மனுவில், முதல் விசாரணையிலேயே அரசு வழக்கறிஞர் நோட்டீஸைப் பெற்றுக்கொண்டார். பெர்மிட் எனக்குச் சேருமா என்பதற்குள் நீதிமன்றம் போகாமல், விண்ணப்பத்தைச் சட்டப்படி பரிசீலித்து, உத்தரவு நகல் கிடைத்த நாளிலிருந்து ஆறு வாரத்துக்குள் முடிவெடுக்குமாறு மட்டும் கூறி மனுவை முடித்தது. வக்காலத்தில் கையெழுத்திட ஒருமுறை நாகர்கோவில் வடசேரியிலிருந்து பஸ் ஏறியதோடு என் அலைச்சல் தீர்ந்தது. பெர்மிட் யாருக்கு என்ற கேள்விக்குள் போகாததால்தான் இவ்வளவு விரைவு; குறையும் அதிலேயே இருக்கிறது. மாற்றித் தரச் சொல்லும் உத்தரவு அல்ல இது. அலுவலகம் காரணம் காட்டி மறுத்தாலும் உத்தரவு நிறைவேறியதாகவே ஆகும். பிறகு 89-ஆம் பிரிவின் கீழ் மேல்முறையீட்டுக்குத்தான் போக வேண்டியிருக்கும்.

இந்த வழியை நாடுவோர் முதலில் விண்ணப்பத்துக்கான ஒப்புகையைக் கையில் வைத்திருக்க வேண்டும். ஏதேனும் ஒரு தாள் குறைந்திருந்தால், அதைக் காட்டியே விண்ணப்பத்தைத் திருப்பிவிடுவார்கள். அதைவிட முக்கியம், ஆறு வாரம் தீர்ப்பு நாளிலிருந்து ஓடுவதில்லை என்பது. ஆகவே உத்தரவு நகலை நேரில் கொடுத்து முத்திரையும் தேதியும் வாங்குவதோடு, பதிவுத் தபாலிலும் ஒன்று அனுப்பிவிடுங்கள். கெடு தாண்டினால் 1971-ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் கீழ் ஓராண்டுக்குள் போக வேண்டும். அப்போது அந்த முத்திரைதான் பேசும். நான் அதுவரை போக வேண்டியிருக்கவில்லை.

வேகத்துக்கு ஐந்தில் நான்கு தருவேன். செலவுக்கு இரண்டுதான், ஏனென்றால் வக்கீல் கட்டணம் பெர்மிட் கட்டணத்தைப் பல மடங்கு தாண்டிவிட்டது. ஐந்தாம் வாரம் மாற்ற உத்தரவு கைக்கு வந்தபோது மகர விளக்கு முடிந்து, கன்னியாகுமரியில் ஐயப்ப பக்தர்களின் கூட்டமும் கலைந்திருந்தது.