எந்த ஐடியில் வாங்கினோம்? ஸ்டீம், எக்ஸ்பாக்ஸ், பிளேஸ்டேஷன், எபிக், கைபேசி: கேம் தேடும் வழிகள், ஓர் ஒப்பீட்டு அலசல்

சிங்கப்பூரிலிருந்து சித்தப்பா கொண்டுவந்த பிஎஸ்5 மன்னார்குடி வீட்டுக் கூடத்தில் இருக்கிறது. அண்ணனின் லேப்டாப் தஞ்சாவூர் ஹாஸ்டலில். தம்பி ஆடுவது அம்மாவின் கைபேசியில். மூன்றிலும் காசு கொடுத்து வாங்கிய கேம் உண்டு, மாதச் சந்தாவும் ஓடுகிறது. ஒருநாள் ஒரு கேமைக் காணோம். டெல்டாவில் இப்படிப்பட்ட வீடுகள் நிறைய. உடனே கருவியைக் குடைவார்கள். அங்கே கிடைக்காது. உரிமம் இருப்பது ஐடியில்தான், அதாவது வாங்கியபோது நுழைந்திருந்த கணக்கில். கருவி அதை இறக்கி ஆடும் இடம் மட்டுமே.

ஆகவே தேடும்போது மூன்று விவரம் தெரிய வேண்டும். எந்த ஐடி? அந்த ஐடி எந்த நாட்டில் பதிவானது? கேம் வந்தது எந்த வழியில்: விலைக்கு வாங்கியதா, சந்தா இருக்கும்போது எடுத்துவைத்ததா, சந்தாப் பட்டியலில் வந்துபோவதா? எந்தக் கடை இந்த மூன்றையும் ஒளிக்காமல் காட்டுகிறது என்பதை வைத்தே இங்கே எடைபோடுகிறோம். வரைகலையும் விலையும் இந்த ஒப்பீட்டில் இல்லை.

ஸ்டீம்: எல்லாம் எழுத்தில் இருக்கும்

இந்த விஷயத்தில் கம்ப்யூட்டர் கேம் விற்கும் இணையக் கடையான ஸ்டீமுக்குத்தான் முதலிடம். காரணம், பலரும் திறந்தே பார்க்காத ஒரு பக்கம். ஸ்டீமில் மேலே வலப்பக்கம் உங்கள் பெயரை அழுத்தி 'அக்கவுண்ட் டீடெய்ல்ஸ்' போனால், 'லைசென்ஸ்' பட்டியலுக்கான இணைப்பு இருக்கும். ஒவ்வொரு கேமும் எந்தத் தேதியில் வந்தது, கடையில் வாங்கியதா, பெட்டியில் வந்த குறியீட்டை (கீ) போட்டதா, பரிசாக வந்ததா, இலவசமாக எடுத்ததா என்று வரிசையாகச் சொல்லிவிடும். விற்பனையிலிருந்து நீக்கப்பட்ட கேமும் பொதுவாக லைப்ரரியில் நிற்கும்.

அப்படியும் காணோமென்றால் முதலில் இரண்டைப் பாருங்கள். லைப்ரரியின் மேலே 'நிறுவியவை மட்டும்' என்ற வடிகட்டி போட்டிருக்கலாம். இல்லையென்றால் யாரோ அந்தக் கேமை மறைத்துவைத்திருக்கலாம்; 'வியூ' மெனுவில் 'ஹிடன் கேம்ஸ்' என்று இருக்கும். இரண்டிலும் இல்லையென்றால் ஐடி மாறியிருக்கிறது. ஒரே மின்னஞ்சலில் பல ஸ்டீம் ஐடி தொடங்க முடியும் என்பது பலருக்குத் தெரியாது. உதவிப் பக்கத்தில் 'பெயர் மறந்துவிட்டது' என்று கொடுத்து மின்னஞ்சலையோ கைபேசி எண்ணையோ போட்டால், அதில் உள்ள ஐடிகளைத் தேடித்தரும். பிரவுசிங் சென்டரில் கடைக்காரர் எண்ணைக் கொடுத்துத் தொடங்கிய பழைய ஐடியாக இருந்தால் அவர் எண்ணையும் போட்டுப் பாருங்கள். கிடைத்தபின் இரண்டு ஐடிகளையும் ஒன்றாக இணைக்க வழியில்லை.

அதற்கு மாற்று, 2024 செப்டம்பரில் முழுமையாக வந்த ஸ்டீம் ஃபேமிலிஸ். ஒரே வீட்டில் ஆறு பேர்வரை சேரலாம். பழைய ஐடியையும் ஓர் உறுப்பினராகச் சேர்த்தால் அதிலுள்ள கேம்கள் புதிய ஐடியின் லைப்ரரியில் தெரியும். ஒரு கேமுக்கு ஒரு பிரதிதான் இருந்தால் ஒரு நேரத்தில் ஒருவர்தான் ஆடலாம். வேறு வேறு கேமென்றால் எல்லோரும் ஒரே நேரத்தில் ஆடலாம். கவனம் தேவைப்படும் இடம் இரண்டு. குடும்பத்திலிருந்து ஒருவர் விலகினால் அந்த இடம் ஓராண்டுக்குப் பூட்டப்படும். உங்கள் பிரதியில் தம்பி ஏமாற்று மென்பொருள் போட்டு மாட்டினால் தடை உங்களுக்கும் சேர்த்து விழும். நண்பர்களையெல்லாம் சேர்த்து ஆறு பேரை நிரப்பாதீர்கள்.

எக்ஸ்பாக்ஸ்: பிரித்துக் காட்டும், கம்ப்யூட்டரில் குழப்பும்

சொந்தம் எது, சந்தா எது என்று பிரித்துக் காட்டுவதில் எக்ஸ்பாக்ஸ் கன்சோலே சிறந்தது. 'மை கேம்ஸ் அண்ட் ஆப்ஸ்', அதில் 'ஃபுல் லைப்ரரி', அதற்குள் 'ஆல் ஓன்டு கேம்ஸ்': இங்கே வருவது உங்களுடையது. எக்ஸ்பாக்ஸின் மாதச் சந்தாவான கேம் பாஸ் தனிப் பகுதி. கேம் பாஸ் பட்டியலிலிருந்து போகப்போகும் கேம்களை 'லீவிங் சூன்' என்று முன்கூட்டியே வரிசைப்படுத்துகிறார்கள். போனபின் கேம் ஹார்ட் டிஸ்கில் அப்படியே இருக்கும், திறந்தால் மட்டும் 'உங்களுக்குச் சொந்தமா?' என்று கேட்கும். அழித்துவிட்டு மறுபடி இறக்குவதால் ஒன்றும் மாறாது. விலைக்கு வாங்க வேண்டும். சேமித்த ஆட்டம் கிளவுடில் இருக்கும்.

விண்டோஸ் லேப்டாப்பில் நிலைமை வேறு. எக்ஸ்பாக்ஸ் செயலியில் ஒரு ஐடி, மைக்ரோசாஃப்ட் ஸ்டோரில் வேறு ஐடி என்று இருந்தால் வாங்கிய கேமே விலை காட்டி நிற்கும். கல்லூரி கொடுத்த மின்னஞ்சலில் ஸ்டோர் திறந்திருப்பதுதான் மாணவர் லேப்டாப்பில் அடிக்கடி காணும் கோளாறு. ஸ்டோரின் வலது மேல் மூலைப் படத்தை அழுத்தி வெளியேறி, எக்ஸ்பாக்ஸ் செயலியில் இருக்கும் அதே ஐடியில் நுழைந்தால் சரியாகும். 'பிளே எனிவேர்' முத்திரை உள்ள கேமை ஒருமுறை வாங்கினால் கன்சோலிலும் கம்ப்யூட்டரிலும் ஆடலாம். முத்திரை இல்லாததைக் கன்சோலுக்கு வாங்கிவிட்டு லேப்டாப்பில் தேடுவது வீண்.

பிளேஸ்டேஷன்: அதிகம் தொலைவது இங்கேதான்

பிஎஸ்5 முகப்பில் வலக்கோடிவரை நகர்ந்தால் 'கேம் லைப்ரரி'. அதில் 'இன்ஸ்டால்டு', 'யுவர் கலெக்‌ஷன்', 'பிளேஸ்டேஷன் பிளஸ்' எனப் பிரிவுகள். சிக்கல் நடுவில் இருப்பதில். காசு கொடுத்து வாங்கியதும் பிளஸ் சந்தாவில் எடுத்துவைத்ததும் அங்கே ஒன்றாகக் கலந்து கிடக்கும். சின்ன பிளஸ் குறியை வைத்துத்தான் பிரித்தறிய வேண்டும். சந்தா தீர்ந்ததும் அதே படத்தில் பூட்டு வந்துவிடும். வாங்கியதே பறிபோனதாகப் பலர் பதறுவது இதனால்தான். உண்மையில் எது உங்களுடையது என்று உறுதிசெய்ய, செட்டிங்ஸில் 'யூசர்ஸ் அண்ட் அக்கவுண்ட்ஸ்', அதில் பணம் செலுத்தும் பகுதியின் 'டிரான்ஸாக்‌ஷன் ஹிஸ்டரி' பாருங்கள். தொகை கழிந்த வரி இருந்தால் அது சொந்தம்.

சந்தாவுக்குள்ளும் இரண்டு வகை உண்டு. ஒவ்வொரு மாதமும் கொடுக்கும் கேம்களை அந்த மாதத்துக்குள் லைப்ரரியில் சேர்த்தால்தான் உண்டு. சேர்த்தபின் சந்தா விட்டுப்போனாலும், மறுபடி கட்டும்போது திரும்பி வரும். எக்ஸ்ட்ரா, டீலக்ஸ் நிலைகளில் கிடைக்கும் பெரிய பட்டியல் அப்படியல்ல. அதிலிருந்து ஒரு கேம் விலகினால், சந்தா கட்டிக்கொண்டிருந்தாலும் பூட்டிக்கொள்ளும்.

வாங்கியது நிச்சயம், ஆனாலும் பூட்டு இருக்கிறதா? அதே 'யூசர்ஸ் அண்ட் அக்கவுண்ட்ஸ்' பகுதியில் 'அதர்' திறந்து 'ரெஸ்டோர் லைசென்சஸ்' அழுத்துங்கள். பெரும்பாலும் தீரும். தீராவிட்டால் பக்கத்திலேயே இருக்கும் 'கன்சோல் ஷேரிங் அண்ட் ஆஃப்லைன் பிளே' அணைந்திருக்கிறதா பாருங்கள். அண்ணன் ஐடியில் வாங்கியதைத் தம்பி தன் ஐடியில் ஆட இதுதான் சாவி. ஒரு ஐடிக்கு ஒரு பிஎஸ்5இல் மட்டுமே இதை இயக்க முடியும். இன்னொரு ஊரில் உள்ள கன்சோலில் இதை இயக்கினால் வீட்டுக் கன்சோலில் தம்பிக்குப் பூட்டு விழும்.

இனி நாடு. பிளேஸ்டேஷன் ஐடியைத் தொடங்கும்போது கொடுத்த நாட்டைப் பிறகு மாற்ற முடியாது. சித்தப்பா சிங்கப்பூர் ஐடியில் வாங்கியவை அந்த ஐடியிலேயே இருக்கும். இங்கே ரூபாயில் வாங்கிய கிஃப்ட் கார்டு அதில் ஏறாது. டிஸ்க் எந்த ஊரில் வாங்கினாலும் ஓடும். ஆனால் அதற்கான கூடுதல் பகுதியை டிஸ்கின் பிராந்தியத்தோடு பொருந்தும் ஐடியில்தான் வாங்க வேண்டும். பொருந்தாவிட்டால் காசு போகும், இறங்கவும் செய்யும், கேம் மட்டும் அதைக் கண்டுகொள்ளாது. இதோடு ஒப்பிட்டால் எக்ஸ்பாக்ஸும் ஸ்டீமும் குடிபெயர்ந்தவருக்கு நாட்டை மாற்றிக்கொள்ள வழி வைத்திருக்கின்றன, அடிக்கடி மாற்ற விடுவதில்லை என்ற நிபந்தனையோடு. வெளிநாட்டில் வேலைபார்ப்பவர் இருக்கும் குடும்பத்துக்கு இது பெரிய வித்தியாசம்.

'நிறைய கேம் ஏற்றிய' பழைய கன்சோலை வாங்குபவர்களுக்கும் இது பொருந்தும். உள்ளே இருப்பது விற்றவரின் ஐடி. அவர் தன் பக்கத்திலிருந்து கன்சோலை விலக்கினால், ஏற்றிய அத்தனையும் பூட்டு. கடைக்காரர் 'லைஃப்டைம்' என்று சொன்னாலும் டிஸ்க்குக்கு மட்டுமே விலை கொடுங்கள்.

எபிக்: தொலைப்பது சுலபம்

ஸ்டீம் போலவே கம்ப்யூட்டர் கேம் கடையான எபிக், 2018 டிசம்பரிலிருந்து இலவசக் கேம் கொடுத்துவருகிறது. 2020 மே மாதம் ஜிடிஏ 5 இலவசமாக வந்தபோது இங்கேயும் பள்ளிப் பிள்ளைகள் அவசரமாக ஐடி தொடங்கி எடுத்துவைத்தார்கள். இன்று அந்த ஐடி எது? எபிக்கில் நுழைய மின்னஞ்சல், கூகுள், ஆப்பிள், ஸ்டீம், கன்சோல் என்று பல வாசல்கள். வேறு வாசலில் போனால் புதிதாக வெற்று ஐடி உருவாகிவிடும். ஆப்பிள் வாசலில் 'மின்னஞ்சலை மறை' என்று கொடுத்திருந்தால் ஐடியில் பதிவானது ஆப்பிள் உருவாக்கிய போலி முகவரி. உங்கள் சொந்த முகவரியைப் போட்டால் கிடைக்காது. ஆகவே லைப்ரரி காலியாக இருந்தால் வெளியேறி ஒவ்வொரு வாசலாக முயலுங்கள். ஜிடிஏ 5 கிடைத்தாலும் அதைத் தயாரித்த ராக்ஸ்டாரின் தனி ஐடி ஒன்று கேட்கும். முதலில் எந்த ராக்ஸ்டார் ஐடியோடு சேர்ந்ததோ அதில்தான் திறக்கும்.

கைபேசி

ஆண்ட்ராய்டில் ஒரே போனில் அப்பா, அம்மா, பிள்ளை என மூன்று ஜிமெயில் இருப்பது வழக்கம். பிளே ஸ்டோரில் படத்தை அழுத்தி ஒவ்வொரு ஐடியாக மாற்றி, 'மேனேஜ் ஆப்ஸ்' உள்ளே 'மேனேஜ்' பிரிவில் 'நாட் இன்ஸ்டால்டு' தேர்ந்தெடுங்கள். முன்பு இறக்கி அழித்தவை எல்லாம் வரும். காசு கொடுத்தவை மட்டும் வேண்டுமென்றால் 'பேமெண்ட்ஸ் அண்ட் சப்ஸ்கிரிப்ஷன்ஸ்' உள்ளே செலவு வரலாறு. கேமை அழிப்பதால் சந்தா நிற்காது என்பதையும் அங்கேயே கவனியுங்கள். கேமுக்குள் வாங்கிய நாணயம், உடை, துப்பாக்கி எதுவும் இந்தப் பட்டியலால் திரும்பாது. அவை கேமின் சொந்த லாகினில் இருக்கும். 'கெஸ்ட்' என்று ஆடியவர் போன் மாற்றினால் அவை பெரும்பாலும் போனதுதான்.

ஐபோன் இன்னும் தெளிவு. ஆப் ஸ்டோரில் உங்கள் படம், 'ஆப்ஸ்', 'இந்த ஐபோனில் இல்லாதவை'. மறைத்தவற்றுக்கு உள்ளேயே தனிப் பட்டியல். ஆப்பிளின் கேம் சந்தாவான ஆர்கேட் நின்றால் அதன் கேம்கள் எதுவும் திறக்காது. இரண்டு ஆப்பிள் ஐடிகளின் கொள்முதலை ஒன்றாக்கும் வசதியை 2025இல் ஆப்பிள் கொண்டுவந்தது, ஆனால் இந்தியாவுக்கு அதைத் தரவில்லை. ஃபேமிலி ஷேரிங் மட்டுமே வழி.

எல்லாக் கடையையும் ஒரே திரையில் காட்ட

விண்டோஸில் இரண்டு மென்பொருள்கள் போட்டியில்: பிளேநைட், கோக் (GOG) என்ற கேம் கடையின் கேலக்ஸி. எங்கள் பரிந்துரை பிளேநைட். இலவசம், திறந்த மூலம். ஸ்டீம், எபிக், கோக், எக்ஸ்பாக்ஸ் எல்லாவற்றையும் இழுத்துவரும், 'சோர்ஸ்' பத்தியில் எந்தக் கடை என்று சொல்லும். கேலக்ஸியின் இணைப்புகள் பல தன்னார்வலர் எழுதியவை, அடிக்கடி அறுந்துபோகின்றன. பிளேநைட்டிலும் ஒரு குறை: கேம் பாஸில் ஆடியதும் சொந்தமானதும் கலந்து வரலாம். சொந்தமா என்பதை எக்ஸ்பாக்ஸ் பட்டியலில் சரிபாருங்கள்.

ஐடியே மறந்துபோனால் பணத்தின் தடத்தைப் பிடிப்பதுதான் வேகமானது. வீட்டிலுள்ள ஒவ்வொரு மின்னஞ்சலிலும் ரிசீப்ட், ஆர்டர், பர்ச்சேஸ் என்ற சொற்களை ஆங்கிலத்தில் தேடுங்கள். சந்தாவென்றால் யுபிஐ செயலியின் 'ஆட்டோபே' பகுதி. 2021 அக்டோபர் முதல் ரிசர்வ் வங்கி விதிப்படி, தானாகக் கழியும் தொகைக்கு 24 மணி நேரம் முன்பே வங்கி தகவல் அனுப்ப வேண்டும். அந்தக் குறுஞ்செய்தியில் கடையின் பெயர் இருக்கும். இரண்டு ஆண்டு திறக்காத ஜிமெயிலை நீக்கும் நடைமுறையைக் கூகுள் 2023 டிசம்பரில் தொடங்கியிருக்கிறது. பழைய முகவரியில் ஸ்டீம் ஐடி இருந்தால் இன்றே ஒருமுறை உள்ளே போய்வாருங்கள்.

இவ்வளவும் பார்த்த பிறகே டவுன்லோடை அழுத்துங்கள். 100 ஜிபி கேம் 40 எம்பிபிஎஸ் இணைப்பில் ஐந்தரை மணி நேரம் பிடிக்கும். நாளொன்றுக்கு 2 ஜிபி கைபேசி டேட்டாவில் 50 நாள். பிஎஸ்5இல் தவறி பிஎஸ்4 பதிப்பை இறக்கிவிடுவது சகஜம். கேம் பக்கத்தின் மூன்று புள்ளியை அழுத்திப் பதிப்பைப் பார்த்துக்கொள்ளுங்கள். தஞ்சாவூரில் இறக்கியதை மன்னார்குடிக்கு எடுத்துப்போக, ஸ்டீமில் 'ஸ்டீம்ஆப்ஸ்' உள்ளே 'காமன்' கோப்புறையிலிருக்கும் கேமை ஹார்ட் டிஸ்கில் நகலெடுத்து, அங்கே அதே இடத்தில் வைத்துவிட்டு இன்ஸ்டால் கொடுங்கள். இருப்பதைச் சரிபார்த்து மீதியை மட்டும் இறக்கும். பிஎஸ்5 கேமை யுஎஸ்பி டிஸ்கில் வைத்து எடுத்துப்போகலாம், அதிலிருந்தே ஆட முடியாது; உள்நினைவகத்துக்கு மாற்ற வேண்டும்.

2018 நவம்பர் 16 அன்று கஜா புயல் வந்தபோது டெல்டாவின் பல ஊர்களில் வாரக்கணக்கில் மின்சாரமில்லை. கரண்ட் வந்தாலும் நெட் தாமதமாகத்தான் வரும். அப்படி ஒரு ஐப்பசி, கார்த்திகைக்கு முன்னால் ஸ்டீமை ஆஃப்லைனில் ஒருமுறை திறந்து சோதியுங்கள், எக்ஸ்பாக்ஸை 'ஹோம் எக்ஸ்பாக்ஸ்' (நெட் இல்லாமலும் ஆட விடும் அமைப்பு) ஆக்குங்கள், பிஎஸ்5இல் ஆஃப்லைன் பிளே இயங்குகிறதா பாருங்கள். கோக்கில் வாங்கியிருந்தால் அதன் ஆஃப்லைன் இன்ஸ்டாலரைப் பென் டிரைவில் போட்டு வையுங்கள். அதற்கு ஐடியும் வேண்டாம், நெட்டும் வேண்டாம்.