மொட்டை மாடிக்கு எது: தட்டோடா, கூலிங் டைல்ஸா, பெயின்ட்டா, சுண்ணாம்பா?

எங்கள் வீடு மதுரையில். ஒரே தளம், மேலே ஆயிரம் சதுர அடி மொட்டை மாடி, அப்பா கட்டியது. மே மாதத்து ராத்திரி பத்து மணிக்கு ஸ்டூல் மேல் ஏறி சீலிங்கில் உள்ளங்கையை வைத்தால், அப்போதுதான் இஸ்திரி போட்டு எடுத்த சட்டையைத் தொட்டதுபோல இருக்கும். மின்விசிறி அந்தச் சூட்டைத்தான் கீழே இறக்கும். ஹாலில் படுக்கும் அம்மா விடியற்காலை வரை புரண்டுகொண்டே இருப்பார். ஏசி வாங்கலாமா என்ற பேச்சு வந்தபோது, முதலில் மாடியைச் சரிசெய்து பார்ப்போம் என்று சொன்னேன். நாலு வழிகளையும் விசாரித்து, கடைசியில் சுண்ணாம்புக்கு வந்து நின்றேன். மூன்று கோடை தாண்டிவிட்டது. இன்னும் சுண்ணாம்பு பக்கம்தான் நிற்கிறேன். அதனால் இதில் அதற்கு இடம் கொஞ்சம் கூடுதலாகவே போகும்.

ஏன் மாடி என்பதற்கு நீளமாக எழுத வேண்டியதில்லை. சித்திரை பிறந்த கையோடு, ஏப்ரல் 16 வாக்கில், மதுரையில் நண்பகல் சூரியன் நேர் உச்சிக்கு வந்துவிடும். ஆகஸ்ட் கடைசியில் திரும்பவும் ஒரு முறை. உச்சி வெயில் சுவரில் சாய்வாகத்தான் படும். மாடிதான் அதை முழுசாக வாங்கும். ஆறங்குல கான்கிரீட் பகலெல்லாம் அந்தச் சூட்டைக் குடித்துவிட்டு, நாம் பாய் விரிக்கும் நேரத்தில் கீழே விடுகிறது. அடுக்குமாடியில் நடுத்தளத்தில் இருப்பவர்களுக்கு இந்தக் கணக்கு பொருந்தாது. அவர்கள் கவனிக்க வேண்டியது மேற்கு ஜன்னலை.

முதலில் பழைய முறை. செங்கல் ஜல்லியும் மணல் கலக்காத சுண்ணாம்பும் சேர்த்து மூன்றங்குலம் போட்டு, மரக்கட்டையால் நாள் கணக்கில் அடித்து இறுக்கி, மேலே சிவப்புத் தட்டோடு பதிப்பது. கொத்தனார்கள் இதை வெதரிங் கோர்ஸ் என்பார்கள். தேக்கு உத்தரத்தின் மேல் செங்கலைக் குத்துவாக்கில் வைத்துக் கட்டிய பழைய மெட்ராஸ் டெரஸ் கட்டடங்களிலும் மேல் அடுக்கு இதே சுண்ணாம்பு ஜல்லிதான். கடுக்காயும் வெல்லமும் ஊறிய தண்ணீரைத் தெளித்துத் தெளித்து அடித்த தளத்துக்கு ஈடாக இன்றைக்கு எதையும் சொல்ல எனக்கு மனம் வராது. அது கொஞ்சம் அசையும், கொஞ்சம் மூச்சு விடும், வெயிலில் விரிந்தாலும் எளிதில் வெடிக்காது.

இப்போது நம் வீடுகளில் போடுவது பெரும்பாலும் அது இல்லை. சுண்ணாம்பை எடுத்துவிட்டு சிமென்ட் சேர்க்கிறார்கள், கட்டை அடி கிடையாது, ஒரே நாளில் வேலை முடிந்துவிடும். சிமென்ட் ஜல்லி இறுகிப்போய் நிற்கும். இரண்டாவது கோடையில் விரிசல் விடும். எடையும் பார்க்க வேண்டும். ஆயிரம் சதுர அடிக்கு மூன்றங்குலம் போட்டால் ஓட்டோடு சேர்த்துப் பதினைந்து டன் வரை வரும். அந்தக் கணக்கோடு வடிவமைத்த புது வீட்டுக்குப் பரவாயில்லை, முப்பது வருடப் பழைய தளத்தின் மேல் இன்னொரு அடுக்கு ஏற்றக்கூடாது. எங்கள் வீட்டில் ஏற்கெனவே அப்பா போட்ட வெதரிங் கோர்ஸ் இருந்தது. இருந்தும்தான் சீலிங் சுட்டது. கனமான தளம் சூட்டைத் தாமதப்படுத்தும். சாயங்காலம் மூன்று மணிக்கு வர வேண்டியதை ஏழு, எட்டு மணிக்குக் கொண்டுவந்து கொடுக்கும். ராத்திரியில் பூட்டிக் கிடக்கும் அலுவலகம் என்றால் அது நல்லதுதான். ராத்திரி தூங்க வேண்டிய வீட்டுக்கு அது ஒத்துவரவில்லை.

புதிதாகக் கட்டுகிறவர்களுக்கு ஒன்று சொல்லிவிடுகிறேன். 2018இல் மத்திய அரசு கொண்டுவந்த ‘ஈகோ நிவாஸ் சம்ஹிதா’ என்ற வீட்டுக் கட்டட விதித்தொகுப்பு, கூரை வழியாக இறங்கும் சூட்டுக்கு ஓர் உச்சவரம்பு வைத்திருக்கிறது: ஒரு சதுர மீட்டருக்கு, ஒரு டிகிரி வித்தியாசத்துக்கு 1.2 வாட். ஆறங்குலக் கான்கிரீட் மட்டும் என்றால் அது மூன்று மடங்கை நெருங்கும். வெதரிங் கோர்ஸ் போட்ட பிறகும் இரண்டு மடங்கு அளவில் நிற்கும். ஆக, கட்டும்போதே தளத்துக்கு மேல் ஃபோம் பலகை பதித்து, அதன்மேல் வெதரிங் கோர்ஸ் போடுவதுதான் முறை. எங்களைப் போலக் கட்டி முடித்த வீட்டில் இருப்பவர்களுக்கு மிஞ்சுவது மேல்தோலின் நிறம் ஒன்றுதான்.

பழுத்துக் கறுத்த சிவப்பு ஓடு, விழும் வெயிலில் பத்தில் மூன்று பங்கைத் திருப்பி அனுப்பினால் அதிகம். புது வெள்ளை எட்டு பங்கைத் திருப்பி அனுப்பும். கூலிங் டைல்ஸ், கூல் ரூஃப் பெயின்ட், சுண்ணாம்பு மூன்றுக்கும் வேலை இது ஒன்றே. போட்ட அன்றைக்கு மூன்றுக்கும் பெரிய வித்தியாசம் தெரியாது. கடைக்காரர்கள் காட்டுவதெல்லாம் அந்த முதல் நாள் வெள்ளையைத்தான்.

என் முடிவைத் தீர்மானித்தது முதல் நாள் வெள்ளை இல்லை. இரண்டாவது வருடச் சித்திரையில் அந்த வெள்ளை என்ன நிறத்தில் இருக்கும், அதைத் திரும்ப வெள்ளையாக்குவது யார், எதை வைத்து? கலிஃபோர்னியாவின் கட்டட விதி இதைச் சரியாகப் பிடித்திருக்கிறது. அங்கே வீடல்லாத கட்டடங்களின் தட்டைக் கூரைக்கு, மூன்று வருடம் வெயிலிலும் தூசியிலும் கிடந்த பிறகும் திருப்பி அனுப்பும் பங்கு 0.63 இருக்க வேண்டும் என்று கேட்கிறார்கள். நம் வணிகக் கட்டடங்களுக்கான 2017 விதித்தொகுப்பு 0.60 என்று கேட்பது பூசிய தொடக்கத்தில்.

நம் ஊர் மாடியை நினைத்துப் பாருங்கள். ஐப்பசி, கார்த்திகை மழையில் பாசி பிடித்து, தை வெயிலில் அது காய்ந்து கறுப்புத் தோலாக ஒட்டிக்கொள்ளும். அதன் மேல் மாசிக் காற்று ரோட்டுப் புழுதியைக் கொண்டுவந்து தூவும். வெள்ளை தேவைப்படும் மாதத்தில் அது சாம்பல் நிறத்தில் கிடக்கும். கழுவலாம். ஆயிரம் சதுர அடியைத் தேய்த்துக் கழுவ எத்தனை பக்கெட் ஆகும்? அதுவும் போர் வற்றி, லாரித் தண்ணீருக்குச் சொல்லிவிட்டு வாசலைப் பார்த்துக்கொண்டிருக்கும் மாதத்தில்.

எங்கள் மாடிப்படி அறையின் கூரைக்கு ஐந்து வருடம் முன்பு நல்ல கூல் ரூஃப் பெயின்ட் இரண்டு கோட் அடித்தேன். முதல் கோடை அருமை. இரண்டாவது கோடைக்குக் கழுவினேன், முக்கால்வாசி வெள்ளை திரும்பியது. மூன்றாவது வருடம், வாட்டம் சரியில்லாமல் தண்ணீர் தேங்கும் மூலையில் பெயின்ட் பால் ஆடை மாதிரி உரிந்துவந்தது. உரிந்தது மழைநீர்க் குழாய் வழியாகக் கிணற்றுக்குப் போகும். 2003இலிருந்து தமிழ்நாட்டில் ஒவ்வொரு கட்டடத்துக்கும் மழைநீர் சேகரிப்பு கட்டாயம். மாடியில் எதைப் பூசினாலும் அது நம் தண்ணீரோடு சம்பந்தப்பட்ட விஷயம். பிளாஸ்டிக் தோலைக் கிணற்றுக்குள் அனுப்ப எனக்கு விருப்பமில்லை. உரிந்த இடத்தில் மறுபடி அடிக்க, முழுதும் சுரண்டி எடுக்க வேண்டியிருந்தது.

டைல்ஸ் உரியாது. நல்ல பளபளப்பான வெள்ளை ஓட்டில் தூசி அவ்வளவாக ஒட்டாது, ஒரு துடைப்பத்துக்கே பாதி போய்விடும். இதை மறுக்க முடியாது. வடகம், வத்தல் போடுவதற்கும் பிள்ளைகள் ஓடி விளையாடுவதற்கும் அதுதான் வசதி. எங்கள் வீட்டுக்குக் கேட்டபோது கூலியோடு ஒரு லட்சத்தைத் தாண்டியது. அதைக்கூடக் கடன் வாங்கிச் செய்திருப்பேன். தடுத்தது விருதுநகரில் அக்கா வீட்டில் பார்த்தது. டைல்ஸ் பதித்து முதல் மழைக்காலத்தில் படுக்கையறை மூலையில் ஈரம். தண்ணீர் ஏதோ ஒரு இணைப்பு வழியாக இறங்கி, ஓட்டுக்கு அடியிலேயே நடந்து, எட்டடி தள்ளிச் சீலிங்கில் எட்டிப் பார்க்கிறது. எங்கே இறங்குகிறது என்று பதித்தவருக்கே தெரியவில்லை. மூன்று இடத்தில் உடைத்தார்கள், நாலாவது இடத்தில் கிடைத்தது. உடைத்த ஓட்டுக்கு அதே வெள்ளை கடையில் இல்லை. எல்லார் வீட்டிலும் இப்படி ஆகும் என்று சொல்ல வரவில்லை. வாட்டம் சரியாக எடுத்து, கைப்பிடிச் சுவரோரம் வளைத்துப் பூசி, இணைப்பை ஒழுங்காக அடைத்தால் நன்றாகவே இருக்கும். ஆனால் பழுது வந்தால் நம் கையால் ஒன்றும் செய்ய முடியாது.

சுண்ணாம்பு விஷயத்தில் கொத்தனார் என்னைத் தடுத்துத்தான் பார்த்தார். “இதையெல்லாம் இப்ப யாருண்ணே அடிக்கிறா? ஒரு மழைக்குப் போயிரும். டைல்ஸப் போட்டு விட்ருவோம்ணே.” ஒரு மழைக்குப் போகவில்லை. ஆனால் ஒரு மழைக்காலத்துக்குப் பாதி போகும், அது உண்மை. அதனால்தான் நான் அதைத் தேர்ந்தெடுத்தேன் என்றுகூடச் சொல்வேன். கரைந்து போகும்போது மேலே படிந்த அழுக்கையும் கொண்டு போகிறது. மாசிக் கடைசியில் புது கோட் அடித்தால் பழைய அழுக்கைத் தேய்த்துக் கழுவ வேண்டாம். பெருக்கிவிட்டு, ஈரப்படுத்திவிட்டு, மேலேயே அடிக்கலாம். மொத்தச் செலவு மூவாயிரத்துக்குள். சுண்ணாம்பின் காரத்தில் புதுசாகப் பாசியும் சீக்கிரம் பிடிக்காது.

முதல் வருடம் முழு மாடிக்கும் துணிச்சல் வரவில்லை. படுக்கையறைகளுக்கு மேலுள்ள பாதிக்கு மட்டும் அடித்தேன், ஹாலுக்கு மேல் பழைய ஓடு அப்படியே. அந்த மே மாதம் மதியம் இரண்டு மணிக்கு மாடியில் கோடு போட்டதுபோல இரண்டு நிறம். வெள்ளைப் பக்கம் வெறுங்காலோடு நின்று துணி காயப்போட முடிந்தது. கோட்டைத் தாண்டி சிவப்பில் ஒரு கால் வைத்ததும் தானாகவே தூக்கிக்கொண்டேன். ராத்திரி அதே ஸ்டூல். ஹால் சீலிங் வழக்கம்போலச் சுட்டது. படுக்கையறையில் கை சாதாரணமாக இருந்தது; சில்லென்று இல்லை, சுவரைத் தொட்டதுபோல. வாரம் முடிவதற்குள் அம்மா யாரும் சொல்லாமல் தன் தலையணையைத் தூக்கிக்கொண்டு படுக்கையறைக்கு வந்துவிட்டார். மறு வருடம் முழு மாடிக்கும் அடித்தேன். ஏசி இன்னும் வாங்கவில்லை.

செய்முறையில் ஏமாந்தால் கொத்தனார் சொன்னதுதான் நடக்கும். நன்றாக நீற்றிய கிளிஞ்சல் சுண்ணாம்போ கல் சுண்ணாம்போ, ஒரு ராத்திரி ஊறவைத்து, பழைய வேட்டியில் வடிகட்டி, கொஞ்சம் ஃபெவிகால் கலந்து, மோர் பதத்துக்குக் கரைக்க வேண்டும். விரிசல்களை முன்கூட்டியே அடைத்துவிடுங்கள்; சுண்ணாம்பு கசிவை நிறுத்தாது. ஓட்டை நன்றாக நனைத்த பிறகு, வெயில் இறங்கி சாயங்காலம் ஐந்து மணிக்கு மேல் ஆரம்பிக்க வேண்டும். மதியத்தில் அடித்தால் உடனே காய்ந்து, விரலில் மாவாக வரும். அது மெதுவாகக் காற்றிலுள்ள கரியமில வாயுவை இழுத்துத் திரும்பக் கல்லாக இறுகுகிற பொருள். அந்த அவகாசத்தைக் கொடுக்க வேண்டும். அடிக்கும்போது வெறும் தண்ணீர் மாதிரி தெரியும், ஒன்றுமே பிடிக்கவில்லை என்று தோன்றும். கெட்டியாக அப்பிவிடாதீர்கள். காலையில் மாடி ஏறிப் பார்த்தால் கண் கூசும். இப்படி மெல்லிசாக மூன்று கோட். கண்ணாடி போடாமல் இந்த வேலையில் இறங்காதீர்கள். கண்ணில் தெறித்தால் பார்வைக்கே ஆபத்து.

குறைகளையும் சொல்லிவிட வேண்டும். காலில் கொஞ்சம் ஒட்டும், கறுப்புத் துணி விழுந்தால் தடம் தெரியும், வடகத்துக்குப் பாய் விரித்தாக வேண்டும். அடித்த பிறகு வரும் முதல் இரண்டு மழையைக் கிணற்றுக்கு விடாமல் வெளியே திருப்பிவிடுகிறேன். சுண்ணாம்பு சுத்தமான பொருள் என்று சொல்கிறவர்களோடும் முழுசாக ஒத்துப்போக முடியாது. கல்லைச் சுடும்போது வெளியேறிய வாயுவில் பெரும்பகுதியை இறுகும்போது திரும்ப எடுத்துக்கொள்கிறது. சூளையில் எரித்த விறகுக்கும் கரிக்கும் கணக்கு பாக்கிதான் இருக்கும். வருடா வருடம் அடித்தால் அதுவும் கூடும். கடற்கரை ஊர்களின் உப்புக் காற்றில் இது எப்படி நிற்கும் என்பது என் அனுபவத்துக்கு வெளியே.

இன்னொரு காரணமும் எனக்கு முக்கியம். ஏசி நம் அறையின் சூட்டை எடுத்துப் பக்கத்து வீட்டு ஜன்னலில் ஊதுகிறது. வெள்ளை மாடி அந்தச் சூட்டைத் தெருவில் தங்கவிடாமல் வானத்துக்கே அனுப்புகிறது. தெலங்கானா 2023இல் கூல் ரூஃப் கொள்கையே அறிவித்து, 2028க்குள் 300 சதுர கிலோமீட்டர் என்று இலக்கு வைத்தது. தமிழ்நாடு 2024 அக்டோபரில் வெப்ப அலையை மாநிலப் பேரிடராக அறிவித்திருக்கிறது. ஒரு லட்ச ரூபாய் டைல்ஸை எல்லார் மாடியிலும் எதிர்பார்க்க முடியாது. மூவாயிரம் ரூபாயும் இரண்டு மூன்று சாயங்காலமும் என்றால் எங்கள் தெருவிலேயே இரண்டு வீட்டார் இந்த வருடம் அடித்திருக்கிறார்கள்.

போன வாரம் அக்கா கூப்பிட்டு, “தம்பி, என் டைல்ஸ் மேலயும் சுண்ணாம்பு அடிக்கலாமாடா?” என்று கேட்டாள். பளபளப்பான ஓட்டில் சுண்ணாம்பு பிடிக்காது, காய்ந்ததும் பொருக்காக எழும்பிவிடும். பாத்திரம் கழுவிய தண்ணீரை வடிகட்டி வைத்து, மாசியில் ஒரு தடவை, சித்திரையில் ஒரு தடவை துடைப்பத்தால் தேய்த்துவிடச் சொன்னேன். இணைப்புகளில் எங்கே சிமென்ட் விட்டிருக்கிறது என்று அப்போதே பார்த்து அடைத்துவிடவும் சொல்லியிருக்கிறேன்.