12 ஆங்ரி மென் ப்ளூ-ரே: லீ ஜே. காப்புக்காக வாங்கியது

மேலூரில் மைக்செட் வைத்திருக்கிறேன். காதுகுத்து, கல்யாணம், கட்சிக் கூட்டம் எல்லாவற்றுக்கும் போவேன் என்றாலும் எங்கள் வீட்டுக்குச் சோறு போட்டது நாடகம். அப்பா ஸ்பெஷல் நாடக நடிகர், அதாவது கோயில் திருவிழாவில் விடிய விடிய நடக்கிற நாடகத்தில் நடிப்பவர். பங்குனி பிறந்தால் ஆடி வரைக்கும் நத்தம், சிங்கம்புணரி, அலங்காநல்லூர், வாடிப்பட்டி என்று ஊர் ஊராகப் போய்க்கொண்டே இருப்பார். 40 வருஷம் மேடையில் நின்றவர் ராஜபார்ட், அதாவது கதாநாயகன் வேஷம், கட்டியது ஒரே ஒரு ராத்திரி. மற்ற நாளெல்லாம் நாரதர், இல்லாவிட்டால் அரிச்சந்திரன் குடும்பத்தைப் பாடாய்ப்படுத்துகிற நட்சத்திரேயர், காலகண்டையர். அதனால் எந்தப் படம் பார்த்தாலும் என் கண் ஹீரோவுக்குப் பக்கத்தில் நிற்கிற ஆளிடம்தான் போகும்.

இந்த டிஸ்க்கை வாங்கியதும் அப்படி ஒரு ஆளுக்காகத்தான். லீ ஜே. காப் என்ற அமெரிக்க நடிகர். படம் 1957-ல் சிட்னி லூமெட் இயக்கிய '12 ஆங்ரி மென்'. கிரைட்டீரியன் நிறுவனம் 2011-ல் வெளியிட்ட ப்ளூ-ரே.

வாங்குகிறவர்களுக்கு முதலில் ஒன்று சொல்லிவிடுகிறேன். ப்ளூ-ரேயை உலகத்தை ஏ, பி, சி என்று மூன்று ரீஜனாகப் பிரித்து விற்கிறார்கள். இது ஏ ரீஜன் டிஸ்க். இந்தியா சி ரீஜனில் வருகிறது. நம் ஊரில் விற்ற சாதாரண ப்ளூ-ரே பிளேயரில் போட்டால் ஓடாது. எனக்கு விற்றவர் இதைச் சொல்லவில்லை, எனக்கும் கேட்கத் தெரியவில்லை. பார்சலைப் பிரித்து ஆசையாகப் போட்டால் திரையில் ஒரு வரி மட்டும் வந்து நின்றது. வயிறு எரிந்துவிட்டது. அப்புறம் துபாயில் இருக்கும் அக்கா மகன் லீவுக்கு வந்தபோது எல்லா ரீஜனும் ஓடுகிற பிளேயர் ஒன்றை வாங்கி வந்தான். அதுவரை எட்டு மாதம் டிஸ்க் பீரோவில் கிடந்தது. இன்னொன்று, சப்டைட்டில் ஆங்கிலத்தில் மட்டும்தான். ஆனால் படத்தில் பேசுவது சாதாரண மனிதர்கள் பேசுகிற இங்கிலீஷ். ரெண்டாவது தடவை பார்க்கும்போது பிடிபட்டுவிடும்.

கதை தெரியாதவர்களுக்காக: அப்பாவைக் கத்தியால் குத்திக் கொன்றதாக 18 வயதுப் பையன் ஒருவன் மேல் வழக்கு. குற்றவாளியா இல்லையா என்று 12 ஜூரர்கள், அதாவது தீர்ப்புச் சொல்லக் கூப்பிட்ட சாதாரண ஜனங்கள், ஒரு அறைக்குள் உட்கார்ந்து முடிவு சொல்ல வேண்டும். 12 பேரும் ஒத்துப்போனால்தான் தீர்ப்பு. 11 பேர் குற்றவாளி என்கிறார்கள், எட்டாம் ஜூரர் மட்டும் இல்லை என்கிறார். அவர் ஹென்றி ஃபோண்டா. மூன்றாம் ஜூரர்தான் நம் ஆள் காப். கடைசி வரைக்கும் விட்டுக்கொடுக்காமல் நிற்பது அவர்தான். 96 நிமிஷப் படத்தில் அந்த ஒரு அறையை விட்டு வெளியே வருவது முதலிலும் கடைசியிலும், நடுவில் பக்கத்துக் கழிப்பறைக்குப் போகும்போதும் கொஞ்ச நேரம்தான்.

இந்த டிஸ்க்கை இவ்வளவு காசு கொடுத்து வாங்கலாமா என்று கேட்டால், படத்தைவிட அதற்கு ஒரு காரணம் இருக்கிறது. இதே கதை 1954-ல் தொலைக்காட்சியில் நேரடி நாடகமாக வந்தது. ரெஜினால்ட் ரோஸ் முதலில் எழுதியது அதற்குத்தான். அந்தப் பழைய ஒளிபரப்பும் இதே டிஸ்க்கில் இருக்கிறது. கிட்டத்தட்ட 50 நிமிஷம். அதில் மூன்றாம் ஜூரராக வருபவர் ஃபிராஞ்சட் டோன். காப், டோன் இரண்டு பேருமே நியூயார்க்கில் 1931-ல் ஆரம்பித்த குரூப் தியேட்டர் என்ற நாடகக் குழுவில் இருந்தவர்கள். டோன் ஆரம்பத்திலேயே இருந்துவிட்டு சினிமாவுக்குப் போனவர், காப் 1935-ல் வந்து சேர்ந்தவர். ஒரே வேஷம், ஒரே பட்டறையில் பழகிய இரண்டு ஆட்கள்.

எங்கள் பக்கத்தில் இதைத்தான் காலம் காலமாகச் செய்கிறார்கள். போன வருஷம் யார் காலகண்டையர் கட்டினார், இந்த வருஷம் யார் கட்டுகிறார் என்று ஒப்பிட்டுப் பேசியே ஒரு மாதம் ஓட்டுவார்கள். டோனின் கோபம் தொண்டைக்கு மேலேயே நிற்கிறது, நல்ல சட்டை போட்ட மனிதரின் கோபம். காப்புக்கு அது அடிவயிற்றிலிருந்து கிளம்புகிறது. டோன் நேரடி ஒளிபரப்பில் நடித்தார், தப்பினால் தப்பினதுதான். அதையும் கணக்கில் எடுத்துக்கொண்டு எனக்குக் காப்தான். கிழவராக வரும் ஜோசப் ஸ்வீனியும், கைக்கடிகாரம் ரிப்பேர் செய்பவராக வரும் ஜார்ஜ் வாஸ்கோவெக்கும் இரண்டிலும் அதே வேஷத்தில் வருகிறார்கள். மூன்று வருஷ இடைவெளியில் அவர்கள் என்ன மாற்றியிருக்கிறார்கள் என்று பார்க்கவே தனியாக ஒரு நாள் ஒதுக்கலாம்.

இனி சவுண்டு. என் தொழில் என்பதால் இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். மோனோ டிராக், அமுக்காமல் கொடுத்திருக்கிறார்கள். நான் என்னுடைய ஆம்ப்ளிஃபையரில் கொடுத்துக் கேட்டேன். ஸ்பெஷல் நாடக மேடையில் தலைக்கு முன்னால் மைக் தொங்கும். அனுபவம் இல்லாத நடிகர் மைக்கை நோக்கிக் கத்துவார். ஸ்பீக்கர் அலறும், வசனம் ஒன்றும் புரியாது, திட்டு எனக்கு விழும். அப்பா குரலை உயர்த்துவதற்கு முன்னால் அரை அடி பின்னால் போய் முகத்தை லேசாகத் திருப்பிக்கொள்வார். நான் வால்யூமில் கை வைக்கவே வேண்டாம். காப் குரலில் அதே கணக்கு இருக்கிறது. 'உன்னைக் கொல்லுவேன்' என்று ஃபோண்டா மேல் பாய்கிற இடத்தில் குரல் உச்சிக்குப் போகிறது, ஒரு எழுத்துகூட உடையவில்லை. அதற்கு அடுத்து வருகிற மௌனத்தில் 12 பேர் மூச்சும் கேட்கிறது. பாதிப் படத்துக்கு மேல் மழை பிடிக்கும். ஓடாது என்று விட்ட ஃபேன், இருட்டி லைட்டைப் போட்டதும் ஓட ஆரம்பிக்கும். இந்தச் சத்தமெல்லாம் தனித்தனியாகக் காதில் விழுகிறது. மொபைலில் பார்த்தவர்களுக்கு இது கிடைத்திருக்காது.

ஒரு காட்சியை மட்டும் கிட்டத்தில் போய்ச் சொல்கிறேன். உயரம் குறைந்த பையன் தன்னைவிட உயரமான அப்பாவின் நெஞ்சில் மேலிருந்து கீழாகக் குத்த முடியுமா என்று பேச்சு வருகிறது. காப் எழுந்து, நான் செய்து காட்டுகிறேன் என்று ஃபோண்டா முன்னால் வந்து நிற்கிறார். மடக்குக் கத்தியைக் கையில் வாங்குகிறார். முழங்காலைக் கொஞ்சம் மடித்து உடம்பைக் குறைத்துக்கொள்கிறார். கத்தியைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்துக்கொண்டு நிறுத்துகிறார். அங்கேதான் இருக்கிறது நடிப்பு. அந்த ஒன்றிரண்டு விநாடியில் செய்து காட்டுகிற ஆள் போய், நிஜமாகக் குத்தினால் என்ன என்று நினைக்கிற ஆள் அந்தக் கண்ணில் வந்துவிடுகிறான். கத்தி வேகமாக இறங்கி நெஞ்சுக்கு முன்னால் நிற்கிறது. மற்றவர்கள் பதறி எழுந்துவிடுகிறார்கள். காப் முகத்தில் ஒரு சின்னச் சிரிப்பு. பயப்படாதே, ஒன்றும் ஆகவில்லை என்கிற மாதிரி. எனக்கு முதல் தடவை பார்த்தபோது கை சில்லிட்டது.

கேமராவைப் பற்றிச் சுருக்கமாக: போரிஸ் காஃப்மன் ஒளிப்பதிவு. முதல் பகுதியைக் கண் மட்டத்துக்கு மேலிருந்தும், நடுப்பகுதியைக் கண் மட்டத்திலும், கடைசிப் பகுதியைக் கீழிருந்தும் எடுத்திருக்கிறார்கள். போகப் போகக் கூரை தெரிய ஆரம்பித்து அறை சின்னதாகிவிடுகிறது. அவரைப் பற்றிய பேட்டி ஒன்றும் டிஸ்க்கில் உண்டு. படப்பிடிப்புக்கு முன்னால் இரண்டு வாரம் முழு ஒத்திகை பார்த்திருக்கிறார்கள். நம் ஸ்பெஷல் நாடகத்தில் ஒத்திகையே கிடையாது. நடிகர்கள் ஆளுக்கொரு பஸ்ஸில் வந்து இறங்கி, மேடையில்தான் ஒருவரை ஒருவர் பார்ப்பார்கள்.

காப் 1911-ல் நியூயார்க்கில் பிறந்தவர். இயற்பெயர் லியோ ஜேக்கபி. அப்பா இட்டிஷ் மொழிப் பத்திரிகையில் அச்சுக் கோப்பவர். சின்ன வயதிலிருந்தே இவருக்குக் கிடைத்ததெல்லாம் வயசான வேஷம்தான். 1939-ல் வந்த 'கோல்டன் பாய்' படத்தில் 21 வயது வில்லியம் ஹோல்டனுக்கு அப்பா. அப்போது இவருக்கு வயது 27. பத்து வருஷம் கழித்து, 1949 பிப்ரவரியில், ஆர்தர் மில்லரின் 'டெத் ஆஃப் எ சேல்ஸ்மேன்' நாடகம் மேடையேறுகிறது. எலியா கஸான் இயக்கம். 63 வயது வில்லி லோமன் வேஷம் 37 வயதுக் காப்புக்கு. பக்கத்திலேயே நின்றுகொண்டிருந்த ஆளுக்கு நடு மேடை கிடைத்தது. அந்த நாடகம் 742 காட்சிகள் ஓடியது, ஆனால் காப் சில மாதங்களிலேயே விலகிவிட்டார். சினிமாவில் திரும்பவும் பக்கத்து வேஷம்தான். 1954-ல் 'ஆன் தி வாட்டர்ஃபிரன்ட்' படத்தின் துறைமுக ரவுடித் தலைவன், 1958-ல் 'தி பிரதர்ஸ் கரமசோவ்' படத்தின் அப்பா. இரண்டுக்கும் ஆஸ்கர் பரிந்துரை வந்தது, கிடைக்கவில்லை. 1966-ல் வில்லி லோமனைத் திரும்ப ஒரு தடவை டெலிவிஷனுக்காக நடித்தார், அதனால் அந்த வேஷம் பதிவாகித் தப்பித்தது. 1968-ல் மேடையில் ஷேக்ஸ்பியரின் லியர் மன்னன். 1973-ல் 'தி எக்ஸார்சிஸ்ட்' படத்தின் போலீஸ்காரர். 1976-ல் இறந்துபோனார்.

அப்பாவின் அந்த ஒரு ராத்திரியைச் சொல்கிறேன். கொட்டாம்பட்டிப் பக்கம் ஒரு கிராமம், அரிச்சந்திர மயான காண்டம். ராஜபார்ட் வரவில்லை. மணி 11 ஆகிவிட்டது, ஜனம் கூச்சல் போட ஆரம்பித்துவிட்டது. காலகண்டையருக்காக வந்த அப்பாதான் எல்லாப் பாட்டும் தெரிந்தவர். அரிச்சந்திரன் கட்டிவிட்டார். எனக்கு 15 வயது, ஆம்ப்ளிஃபையருக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். விடியற்காலை சுடுகாட்டில் செத்த பிள்ளையைக் கொண்டுவந்த சந்திரமதியிடம் அப்பா வாய்க்கரிசியும் முழத்துண்டும் கேட்டபோது, வழக்கமாக அவரைப் பார்த்து மண்ணை வாரித் தூற்றுகிற பொம்பளைகள் வாயில் சேலையைப் பொத்திக்கொண்டு அழுதார்கள். டேப் ரெக்கார்டர் என் கைக்கு எட்டும் தூரத்தில் இருந்தது. அதில் சாமி பாட்டுக் கேசட் கிடந்தது. மாற்றிப் போட எனக்குத் தோன்றவில்லை. நாடகம் முடிந்து திரைக்குப் பின்னால் அப்பா மரப்பெட்டி மேல் உட்கார்ந்திருந்தார். கை தூக்க முடியவில்லை. ஆர்மோனியக்கார மாமாதான் சட்டையை விரித்துப் பிடித்து ஒவ்வொரு கையாக நுழைத்துவிட்டார்.

காப் பற்றி ஒரு விஷயத்தை மறைக்க எனக்கு மனசில்லை. கம்யூனிஸ்டுகளைத் தேடிப்பிடித்து விசாரித்த அமெரிக்க நாடாளுமன்றக் குழு முன்னால் 1953-ல் அவர் 20 பேரின் பெயரைச் சொன்னார். இரண்டு வருஷம் மறுத்துப் பார்த்து, வேலை கிடைக்காமல் போய், கடைசியில் சொன்னார். வில்லி லோமனை எழுதிய மில்லர் 1956-ல் அதே குழு முன்னால் பெயர் சொல்ல மறுத்தவர். இதைப் படித்த பிறகு இரண்டு வாரம் நான் டிஸ்க்கைத் தொடவில்லை. கூட நடித்தவர்களுக்கு அப்படிச் செய்வது எனக்கு ஒப்புக்கொள்ள முடியாத காரியம். சோறில்லாத வீட்டில் வளர்ந்தவன் என்பதால், அந்த இரண்டு வருஷம் எப்படி இருந்திருக்கும் என்பதும் தெரிகிறது. இரண்டும் மனசில் இருக்கும்போதுதான் இந்தப் படத்தைத் திரும்பப் பார்த்தேன். எல்லாரும் ஒரு பக்கம் சாய்ந்து தன்னையே பார்த்துக்கொண்டிருக்க, நடு அறையில் தனியாக நிற்கிற அந்த முகத்தை முன்னைவிட அதிக நேரம் நிறுத்திப் பார்த்தேன்.

போன ஆவணியில் அந்த ஆர்மோனிய மாமாவை வீட்டுக்குக் கூப்பிட்டு இந்த டிஸ்க்கைப் போட்டுக் காட்டினேன். 78 வயது. இங்கிலீஷ் ஒரு வார்த்தை தெரியாது. கதையை மட்டும் முன்னாலேயே சொன்னேன். படத்தின் ஆரம்பத்தில் காப் தன் மகன் போட்டோவை பர்ஸிலிருந்து எடுத்துக் காட்டுவார். 16 வயதில் அப்பா தாடையில் குத்திவிட்டுப் போன மகன், பார்த்தே இரண்டு வருஷம் ஆகிறது. அப்போதே மாமா, "இவன் இந்த போட்டோகிட்டதான் வந்து விழுவான், பாரு" என்றார். 

அப்படித்தான் ஆகிறது. கடைசியில் எல்லாரிடமும் கத்தித் தீர்த்து, பர்ஸை மேஜையில் வீசும்போது அந்த போட்டோ வெளியே வந்து விழுகிறது. அதைப் பார்க்கிறார். சுக்குநூறாகக் கிழிக்கிறார். கிழித்த கையோடு மேஜையில் கவிழ்ந்து அழுகிறார். குற்றவாளி இல்லை என்ற வார்த்தை அந்த அழுகைக்குள்ளிருந்துதான் வருகிறது. எல்லாரும் கிளம்பிப் போகிறார்கள். ஃபோண்டா போய் அவருடைய கோட்டை எடுத்து வந்து, பின்னால் நின்று பிடித்துக்கொள்கிறார். காப் கையை நுழைத்துப் போட்டுக்கொள்கிறார். ஒரு வார்த்தை கிடையாது.

"மாப்ள, அந்தக் கோட்டு மாட்டுறத இன்னொரு தடவ போடு" என்றார் மாமா. போட்டேன். மூன்று தடவை போட்டேன். அப்புறம் காபி குடித்துவிட்டு, அந்தப் பழைய டெலிவிஷன் நாடகத்தை அடுத்த வாரம் வந்து பார்க்கிறேன், அந்த இன்னொருத்தன் எப்படிச் செய்கிறான் பார்ப்போம் என்று சொல்லிவிட்டு பஸ்ஸுக்குக் கிளம்பினார்.