அரிதாரம் கலைக்காத கட்டியக்காரன்: 'தி கோல்பேர் ரிப்போர்ட்' கடைசி நிகழ்ச்சி

அமெரிக்காவின் காமெடி சென்ட்ரல் தொலைக்காட்சியில் 2005 அக்டோபர் 17 அன்று தொடங்கிய செய்தி நையாண்டி நிகழ்ச்சியான 'தி கோல்பேர் ரிப்போர்ட்', 2014 டிசம்பர் 18 அன்று முடிந்தது. அந்தக் கடைசி நிகழ்ச்சியைச் சேலம் அம்மாபேட்டையில் எங்கள் வீட்டு மொட்டை மாடியில், தட்டுவடை செட்டின் பீட்ரூட் துருவல் சட்டையில் சிந்தியதுகூடத் தெரியாமல், கைப்பேசியில் பார்த்து முடித்தேன். பக்கத்து வீட்டுத் தறிச் சத்தத்தில் பாதி வசனம் காதில் விழாமல் போனதற்கு நிகழ்ச்சியைக் குறை சொல்வதற்கில்லை.

அதன் தொகுப்பாளர் ஸ்டீபன் கோல்பேர் தம் சொந்தப் பெயரிலேயே வேடம் கட்டியவர். பில் ஓரைலி போன்ற வலதுசாரித் தொகுப்பாளர்களின் அதட்டலையும் அசையாத தன்னம்பிக்கையையும் அப்படியே எடுத்துக்கொண்டு, அவர்கள் பக்கம் பேசுவதுபோலவே அவர்களைக் கவிழ்த்தார். ஆதாரம் எதற்கு, என் மனம் சொன்னால் உண்மைதான் என்னும் போக்குக்கு முதல் நாளே அவர் சூட்டிய 'ட்ரூத்தினெஸ்' என்ற பெயர், 2006இல் மெரியம்-வெப்ஸ்டர் அகராதியின் ஆண்டுச் சொல்லாயிற்று.

எங்கள் பக்கத்துத் தெருக்கூத்தில் கட்டியக்காரன் விடிய விடிய ராஜாவையும் ஊர்ப் பெரியவரையும் ஒன்றாகவே கிண்டலடிப்பான். விடிந்ததும் தேங்காயெண்ணெய் தொட்டு அரிதாரத்தைத் துடைத்துவிட்டு, டீக்கடை பெஞ்சில் நம் பக்கத்திலேயே வந்து உட்காருவான். கோல்பேரிடமும் அப்படியொரு துடைப்பைத்தான் எதிர்பார்த்தேன். அவரோ சதுரங்கத்தில் மரணத்தை ஏமாற்றி, கொல்ல வந்த அதையே தம் துப்பாக்கியால் சுட்டு வீழ்த்தி, சாகாவரம் பெற்றுவிடுகிறார். அப்புறம் கிறிஸ்துமஸ் தாத்தா, நெற்றியில் கொம்பு முளைத்த ஆபிரகாம் லிங்கன், தொலைக்காட்சியில் வினாடி வினா நடத்திவந்த அலெக்ஸ் ட்ரெபெக் ஆகியோரோடு வண்டியேறிப் போகிறார். வேடத்தைக் கலைக்காமல் வேடத்தையே வழியனுப்பிய இந்தத் தந்திரம், கண்ணீர் உரை எதையும்விட மேலானது.

நடுவில், இரண்டாம் உலகப்போர்க் காலத்துப் பழைய பாட்டொன்றைப் பிரபலங்களின் பெருங்கூட்டம் சேர்ந்து பாடும் பகுதி மட்டும் நீளம்தான். பாதி முகங்களை அடையாளம் காண்பதற்குள் அடுத்த வரிசை வந்து நின்றுவிடுகிறது. ஆனால் முடிவில், தாம் முன்பு செய்தியாளராக நடித்த 'தி டெய்லி ஷோ' என்ற நையாண்டி நிகழ்ச்சியின் அன்றைய தொகுப்பாளர் ஜான் ஸ்டீவர்ட்டைப் பெயர் சொல்லி அழைத்து அவரிடமே நிகழ்ச்சியை ஒப்படைக்கும்போது, ஒன்பது ஆண்டுகளும் அந்த நிகழ்ச்சிக்காக அனுப்பிய ஒரே செய்தித் தொகுப்பாகச் சுருங்கிவிடுகின்றன. இந்த ஒரு கணத்துக்காகவே இன்னொரு முறை பார்த்தேன். புதிதாகப் பார்ப்பவர்கள் முதல் நாள் நிகழ்ச்சியைப் பார்த்துவிட்டு இதற்கு வருவது நல்லது.