குவாஷா, டிஸ்சார்ஜா? உங்கள் ஆதாரம் யார் கையில் இருக்கிறது என்று பாருங்கள்

பொய் வழக்கு ஒன்று மேலே விழுந்ததும் பெரும்பாலோர் வக்கீலிடம் கேட்பது, "ஹைகோர்ட்டில் குவாஷ் போடலாமா சார்?" என்பதுதான். அதாவது, வழக்கையே ரத்து செய்யச் சொல்லி மனு. கீழ்க்கோர்ட்டிலேயே டிஸ்சார்ஜ், அதாவது வழக்கிலிருந்து விடுவிப்பு, கேட்கலாம் என்பது, குற்றப்பத்திரிகை கைக்கு வந்த பிறகும் பலருக்குத் தெரிவதில்லை. சாட்சி விசாரணைக்கு முன்பே வழக்கை முடிக்க இரண்டுமே உதவும். ஆனால் இரண்டும் பார்க்கும் விஷயங்கள் வேறு.

குவாஷ் உயர் நீதிமன்றத்தின் அதிகாரம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 482ஆம் பிரிவு. 2024 ஜூலை 1 முதல் அதற்குப் பதிலாக நடைமுறையில் உள்ள பி.என்.எஸ்.எஸ். சட்டத்தில் 528. எஃப்.ஐ.ஆர். பதிவான மறுநாளே கேட்கலாம். எப்போது கிடைக்கும் என்பதற்கு பஜன்லால் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஏழு வகைகளைச் சொன்னது. புகாரை அப்படியே உண்மை என்று எடுத்துக்கொண்டாலும் அதில் குற்றம் எதுவும் இல்லை என்பது ஒன்று. வழக்கு நடத்தவே சட்டத்தில் தடை இருக்கிறது என்பது இன்னொன்று. இதற்கு நம் மாநிலத்திலேயே நல்ல உதாரணம் உண்டு. போராட்டம் நடத்தியவர்கள் மீது, அரசு அலுவலரின் உத்தரவை மீறியதாக, இந்தியத் தண்டனைச் சட்டம் 188ஆம் பிரிவில் போலீஸ் போட்ட எஃப்.ஐ.ஆர்.களை 2018இல் சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. அந்தக் குற்றத்துக்கு, உரிய அரசு அலுவலர் நடுவரிடம் எழுத்தில் புகார் கொடுத்தால்தான் வழக்கு நிற்கும்.

ஆனால் "அவர் சொல்வது பொய்" என்பது மட்டுமே உங்கள் வாதம் என்றால் குவாஷ் கிடைப்பது கடினம். இந்த அதிகாரத்தை அரிதாகவே பயன்படுத்த வேண்டும், புலன்விசாரணையை எடுத்த எடுப்பில் முடக்கக் கூடாது என்று 2021இல் நீஹாரிகா வழக்கில் உச்ச நீதிமன்றம் அழுத்திச் சொல்லியிருக்கிறது.

டிஸ்சார்ஜ் மனு குற்றப்பத்திரிகைக்குப் பிறகு, குற்றச்சாட்டு வனைவதற்கு (எந்தக் குற்றத்துக்கு விசாரணை என்று கோர்ட் முறையாகப் பதிவு செய்வதற்கு) முன் வருவது. நீதிபதி போலீஸ் தாக்கல் செய்த வாக்குமூலங்களையும் ஆவணங்களையும் படிக்கிறார். லேசான சந்தேகம் போதாது, பலமான சந்தேகம் வேண்டும் என்பது 1979 முதல் உள்ள நிலை. எந்தச் சாட்சியும் உங்கள் பெயரைச் சொல்லவில்லை, மருத்துவ அறிக்கை புகாரோடு ஒட்டவில்லை என்றால், இதுதான் சரியான இடம். இத்தனை ஓட்டையுள்ள வழக்குகளில்கூட டிஸ்சார்ஜ் கேட்காமல் ஆண்டுக்கணக்கில் வாய்தாவுக்கு அலைபவர்களை நினைத்தால் எனக்கு வருத்தமாக இருக்கிறது.

ஒரு பெரிய குறை உண்டு. உங்கள் கையில் உள்ள ஆவணத்தை இந்தக் கட்டத்தில் காட்ட முடியாது என்று 2004இல் தேபேந்திரநாத் பாடி வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. சம்பவ நாளில் வெளிநாட்டில் இருந்ததற்கு பாஸ்போர்ட் முத்திரை இருந்தாலும் அதே நிலைதான். யாரும் மறுக்க முடியாத அத்தகைய ஆவணத்தை உயர் நீதிமன்றம் குவாஷ் மனுவில் பார்க்கலாம் என்பதை 2013இல் ராஜீவ் தாப்பர் தீர்ப்பு தெளிவாக்கியது. ஆக, ஓட்டை போலீஸ் காகிதத்தில் இருந்தால் டிஸ்சார்ஜ். உறுதியான ஆதாரம் உங்கள் கையில் இருந்தால் குவாஷ். நான் முடிவெடுக்கச் சொன்னால் முதலில் பார்ப்பது இதைத்தான்.

சில வழக்குகளில் இந்தத் தேர்வுக்கே இடமில்லை. செக் பவுன்ஸ் வழக்கில் டிஸ்சார்ஜ் கிடையாது. ஹைகோர்ட்டுக்குத்தான் போக வேண்டும். சட்டப்படி சமரசம் செய்துகொள்ள முடியாத பிரிவுகளில் இரு தரப்பும் ராசியாகிவிட்டாலும் அப்படியே. 2012இல் கியான் சிங் தீர்ப்பு அதற்கு வழி திறந்தது. கொலை, பாலியல் வன்கொடுமை போன்றவற்றுக்கு அது பொருந்தாது.

டிஸ்சார்ஜ் மறுக்கப்பட்டால் மேல்கோர்ட்டில் சீராய்வு மனு போடலாம். குவாஷ் தள்ளுபடியானால் அடுத்தது டெல்லியில் உச்ச நீதிமன்றம்தான். அதே நேரம், டிஸ்சார்ஜ் என்பது விடுதலைத் தீர்ப்பு அல்ல. புதிய ஆதாரம் கிடைத்தால் வழக்கு திரும்ப வர வாய்ப்பு உண்டு.

இப்போது காலக்கெடுவும் சேர்ந்திருக்கிறது. பழைய சட்டத்தில் டிஸ்சார்ஜுக்கு நாள் கணக்கு இல்லை. புதிய சட்டத்தில் நடுவர் விசாரிக்கும் போலீஸ் வழக்கு என்றால் ஆவண நகல் கொடுத்த நாளிலிருந்து 60 நாள். செஷன்ஸ் வழக்கு என்றால் அந்தக் கோர்ட்டுக்கு அனுப்பிய நாளிலிருந்து 60 நாள். குவாஷ் மனு நிலுவையில் இருக்கிறதே என்று காத்திருந்தால் அந்தக் கெடு போய்விடும். நகல் வாங்கிய தேதியை வக்கீலிடம் அன்றே சொல்லிவிடுங்கள்.