பரீட்சை எழுத விடவில்லை என்றால் நீதிமன்றத்தடித் தரகரிடம் போகாதேங்கோ

மாரி தொடங்கினால் யாழ்ப்பாணத்தில் டெங்கும் தொடங்கிவிடும். போன டிசம்பரில் எனக்கும் வந்தது. விரிவுரைகளுக்கு இரண்டு கிழமை போகவில்லை. அரச வைத்தியசாலையில் எடுத்த மெடிக்கலைப் பீட அலுவலகத்தில் கொடுத்தபோது, "வைச்சிட்டுப் போங்கோ தங்கச்சி, பிரச்சினை வராது" என்றார்கள். பிரதியில் சீல் அடித்துத் தரும்படி நான் கேட்கவில்லை.

பரீட்சைக்கு ஒன்பது நாள் இருக்கும்போது அறிவித்தல் பலகையில் பட்டியல் போட்டார்கள். 80 வீத வரவு இல்லாதவர்கள் பரீட்சை எழுத முடியாது. என் பெயருக்கு நேரே 73. மெடிக்கல் கிடைத்ததாகப் பதிவே இல்லையாம். என்னிடம் ஒரு வார்த்தை விளக்கம் கேட்காமலே முடிவெடுத்துவிட்டார்கள்.

நீதிமன்றத்தடியில் ஒருவர் இதெல்லாம் செய்து தருவார் என்று தெரிந்த அண்ணை ஒருவர் கூட்டிக்கொண்டு போனார். "யோசிக்காதேங்கோ பிள்ளை, இங்கையே ஸ்டே எடுக்கலாம்" என்றார் அந்த ஆள். அம்மா சீட்டுக் கழித்த காசில் 65,000 ரூபா கொடுத்தோம். பற்றுச்சீட்டுத் தரவில்லை. வழக்கு இலக்கம் கேட்டால், நாளைக்கு, நாளைக்கு. பரீட்சையும் முடிந்தது, மாதமும் ஒன்று கடந்தது. அப்புறம் அவர் ஃபோனே எடுப்பதில்லை. வழக்கு எந்த நீதிமன்றத்திலும் போடப்படவில்லை.

அவர் சொன்னது முதலிலேயே பொய். மாகாண மேல் நீதிமன்றம் மாகாண சபைக்குரிய விடயங்களில்தான் எழுத்தாணை, அதாவது அரச நிறுவனம் ஒன்றின் முடிவைத் தடுக்கிற அல்லது இரத்துச் செய்கிற கட்டளை, கொடுக்கலாம். பல்கலைக்கழகங்கள் மாகாண சபைக்குக் கீழ் வருவதில்லை. அதனால் எழுத்தாணை மனுவைக் கொழும்பில் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில்தான் போட வேண்டும். அரசியலமைப்பின் 140ஆம் உறுப்புரை அது. அடிப்படை உரிமை மனு என்றால் உயர் நீதிமன்றம், ஒரு மாதத்துக்குள். அந்த ஒரு மாதத்தைத்தான் அந்த ஆள் எங்களிடமிருந்து தின்றுவிட்டார். காசை விட அதுதான் எனக்கு ஆறவில்லை. மாதம் முடியும் முன் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டிருந்தால், அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலத்தை அந்த மாதத்தில் சேர்க்க மாட்டார்கள். வெறும் முறைப்பாட்டுக் கடிதம் மட்டும் கொடுத்தால் போதாது, விசாரணை நடக்க வேண்டும். ஆணைக்குழுவின் அலுவலகம் யாழ்ப்பாணத்திலேயே இருக்கிறது, சட்ட உதவி ஆணைக்குழுவும் இருக்கிறது. எங்களுக்கு ஒருவரும் சொல்லவில்லை.

எழுத்தாணை மனுவுக்கு அப்படி நாள் கணக்கு இல்லை. ஆனால் தாமதித்துப் போனால், ஏன் இவ்வளவு நாள் என்று கேட்பார்கள். பரீட்சைக்கு முன்பே போயிருந்தால், பெறுபேற்றை நிறுத்தி வைத்துக்கொண்டாவது எழுத விடுங்கள் என்று இடைக்கால உத்தரவு கேட்டிருக்கலாம். இப்போது அதற்கு இடமில்லை.

பெயர் பட்டியலில் வந்தால் அன்றைக்கே பீடாதிபதிக்கு எழுத்தில் முறையிடுங்கள். பதிவுத் தபாலில் அனுப்பித் துண்டை வைத்திருங்கள். வரவுப் பதிவேட்டின் பிரதியைத் தகவல் அறியும் சட்டத்தின் கீழ் கேட்கலாம், ஆனால் பதில் சொல்ல அவர்களுக்கு 14 வேலை நாள் இருக்கிறது. அதைப் பார்த்துக்கொண்டு வழக்கைத் தள்ளிப்போடாதேங்கோ. சட்டத்தரணியிடம் நேரே போங்கள், பற்றுச்சீட்டும் வழக்கு இலக்கமும் வாங்குங்கள்.

இப்போது கொழும்பில் ஒரு சட்டத்தரணி என் மனுவைப் போட்டிருக்கிறார். விளக்கம் கேட்காமல் தடுத்தது பிழை, அடுத்த முறை எழுதுவதை ரிப்பீட்டாக அல்ல, முதல் தடவையாகவே கணக்கெடுக்க வேண்டும் என்பதுதான் எங்கள் கோரிக்கை. இலக்கம் என் கையில் இருக்கிறது. தவணைக்கு அம்மாவும் நானும் ரயிலில் போகிறோம்.