புடைப்பு உலகப் படம்: ஏழு வருட வகுப்பறை அனுபவம்

ஹட்டனில் சாதாரண தரப் பிள்ளைகளுக்குப் புவியியல் டியூஷன் எடுக்கிறேன். 2018இல் கொழும்பில் வாங்கிய புடைப்பு உலகப் படம் ஒன்று வகுப்புச் சுவரில் தொங்குகிறது. பிளாஸ்டிக் தகட்டில் மலைகள் மேடாக எழும்பி நிற்கும் வகை. கடையில் சுருட்டிக் கட்டித் தந்ததால் பசிபிக் நடுவே விழுந்த மடிப்பு இன்னும் போகவில்லை. வாங்குகிறவர்கள் மட்டமாக வைத்துக் கட்டச் சொல்லுங்கள்.

அட்லஸில் அந்தீஸ் வெறும் கபில நிறக் கோடு. இதில் பிள்ளைகள் அதை விரலால் தடவிக்கொண்டே போகிறார்கள். தென் அமெரிக்காவின் மேற்கு ஓரமாக ஏறத்தாழ 7,000 கிலோமீற்றர் மலை. "ஏன் சேர் கடலோரமாவே மல போவுது?" என்று ஒரு மாணவி கேட்டாள். கடலுக்கடியில் உள்ள நாஸ்கா தட்டு (புவி ஓட்டின் பெரும் பாறைத் துண்டுகளில் ஒன்று) கண்டத்தட்டின் கீழே புகுவதால் மலை எழுகிறது என்பதை அன்று நான் வலிந்து தொடங்க வேண்டியிருக்கவில்லை. அட்லஸை மட்டும் வைத்துப் படிப்பித்த காலத்தில் யாரும் அப்படிக் கேட்டதில்லை.

இமயமலையும் அப்படித்தான். கங்கைச் சமவெளியிலிருந்து விரல் சட்டென்று ஏறும். மறுபக்கம் இறங்கும் என்று எதிர்பார்த்தால் இறங்காது. சராசரி 4,500 மீற்றர் உயரத்தில் திபெத் மேட்டுநிலம் விரிந்துகிடக்கிறது. இந்தியத் தட்டு ஆசியாவோடு மோதத் தொடங்கி ஏறத்தாழ 5 கோடி ஆண்டுகள் ஆகின்றன. அந்த மோதலின் அகலத்தைக் கைக்குக் காட்ட இதைவிட நல்ல சாதனம் எனக்குக் கிடைத்ததில்லை.

இத்தனை கைகள் பட்டதில் இமயத்தின் வெள்ளைச் சாயம் முழுக்க உரிந்து பிளாஸ்டிக் தெரிகிறது. ரஷ்யாவின் யூரல் மலைத்தொடர் மட்டும் வாங்கிய நாள் போலவே இருக்கிறது. 2,500 கிலோமீற்றர் நீளம் இருந்தும் கையில் தட்டுப்படாததால் யாரும் தொடுவதில்லை. அதன் மிக உயர்ந்த சிகரம் நரோத்னயா 1,895 மீற்றர்தான். நம் பட்டிப்பொல ரயில் நிலையமும் கிட்டத்தட்ட அதே உயரம் என்றதும் வகுப்பே திரும்பிப் பார்த்தது. கோடிக்கணக்கான ஆண்டுகளாகத் தேய்ந்த மலைத்தொடர் அது.

ஒரு விஷயத்தை முதல் நாளே பிள்ளைகளுக்குச் சொல்லிவிட வேண்டும். படத்தில் உள்ள உயரம் உண்மையான விகிதத்தில் இல்லை. அளவுத்திட்டம் 1:30,000,000. அதன்படி எவரெஸ்ட் 0.3 மில்லிமீற்றர்தான் இருக்க வேண்டும். நான் அளந்தபோது 9 மில்லிமீற்றர் இருந்தது. அதாவது 30 மடங்கு. தப்பில்லை, இல்லாவிட்டால் கைக்கு ஒன்றுமே அகப்படாது. ஆனால் படத்தின் எந்த மூலையிலும் இதைக் குறிப்பிடாமல் விட்டது பெரிய குறை.

அதைவிட எனக்கு வலித்தது இலங்கை. ஒன்றரை சென்றிமீற்றர் நீளத்தில், தட்டையாக. "நம்ம மல எங்க சேர்?" என்று கேட்கும் பிள்ளை தோட்டத் தொழிலாளர் குடியிருப்பான லயத்து வாசலில் நின்றாலே சிவனொளிபாத மலையைப் பார்க்கிற பிள்ளை. இமயம் பிறப்பதற்கு வெகு காலம் முன்பே, 50 கோடி ஆண்டுகளுக்கும் முன்னர் உருமாறிய பாறைகள்மேல்தான் நாம் நிற்கிறோம். அதே 30 மடங்கில் கணக்குப் போட்டோம். நாட்டின் மிக உயர்ந்த மலையான பிதுருதலாகல 2,524 மீற்றர். படத்தில் இரண்டரை மில்லிமீற்றர் வரும். ஒரு பெரிய கடுகை எடுத்து அந்த இடத்தில் ஒட்டினோம்.

தென்மேற்குப் பருவ மழையில் படத்தின் பின்பக்கம் பூஞ்சணம் பிடிக்கும். சுவரோடு ஒட்டாமல் இடைவெளி விட்டு மாட்டினால் குறையும். ஈரத்தில் பசையும் விட்டுப்போகிறது. இப்போது இருப்பது மூன்றாவது கடுகு.